வடகனடா வேட்டை வரலாறு: படிக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

கனடாவில் இருப்பவர்களுக்கு அந்தக் கம்பளி பழக்கமானது. வெள்ளை நிறம், ஓரத்தில் பச்சை, சிவப்பு, மஞ்சள், கருநீலப் பட்டைகள். 2025 ஜூன் 1ஆம் தேதி கடைகள் எல்லாம் மூடப்படும் வரைக்கும் ஒரு காலத்தில் விலங்குத் தோல் வணிகம் செய்த ஹட்சன் பே நிறுவனம் அதை விற்றுக்கொண்டிருந்தது. அதன் ஓரத்தில் சில குட்டைக் கறுப்புக் கோடுகள் நெய்திருக்கும். "அந்தக் காலத்தில் கோட்டுக்கு ஒரு பீவர் தோல் விலை" என்று யாராவது சொல்வார்கள். நானும் பல வருடம் அதை நம்பினேன், நண்பர்களிடம் சொல்லியும் இருக்கிறேன்.

அது தவறு. கோடுகள் காட்டுவது கம்பளியின் அளவை. மடித்து அடுக்கிய கட்டைப் பிரிக்காமலே இது பெரியதா சின்னதா என்று தெரிந்துகொள்ள நெசவாளர் வைத்த குறி அது, அவ்வளவுதான்.

இந்தச் சின்னத் தவறைத் திருத்திக்கொண்ட பிறகுதான் வடகாட்டு வேட்டை வரலாற்றில் நான் தெரிந்துவைத்திருந்த மற்றவற்றையும் சோதித்துப் பார்க்க ஆரம்பித்தேன். பெரும்பாலான பிழைகளுக்கு வேர் ஒன்றுதான். வேட்டையாடியவர்கள் வாயால் சொல்லி வரலாற்றைக் காத்தார்கள், காகிதத்தில் எழுதவில்லை. எழுதியவர்கள் கடலோரக் கோட்டையில் தோலுக்காகக் காத்திருந்த கணக்கர்கள். அவர்களுடைய சன்னலில் தெரிந்ததையே முழு வடக்கு என்று நாம் எடுத்துக்கொள்கிறோம்.

சொற்களில் தொடங்கும் குழப்பம்

தமிழில் எழுதும்போது முதல் வழுக்கல் பெயர்களில்தான். பீவரை "நீர்நாய்" என்று மொழிபெயர்ப்பதைப் பல இடங்களில் பார்க்கிறேன். நீர்நாய் மீன் பிடித்துத் தின்னும் வேறு விலங்கு. நம் காவிரியிலும் உண்டு. பீவர் மரப்பட்டையும் கிளையும் தின்னும் கொறிவிலங்கு, ஓடையில் அணை கட்டி வாழ்வது. கோட்டைகளுக்கு இரண்டின் தோலும் வந்தது, கணக்கிலும் தனித்தனி வரிகளில் ஏறியது. இரண்டையும் ஒன்றாக்கினால் அந்தக் கணக்கே கலங்கிவிடும். ஐரோப்பியர் பீவரைத் தேடியதற்குத் தனிக் காரணம் இருந்தது. அதன் அடிமயிரில் நுண்ணிய கொக்கிகள் உண்டு. வெந்நீரில் அமுக்கினால் ஒன்றோடொன்று பின்னிக்கொண்டு, நெய்யாமலே உறுதியான துணியாகும். அந்தத் துணியில்தான் தொப்பி செய்தார்கள். பிரபுக்கள் தோளில் போர்த்திக்கொள்ளவே தோல் போனது என்று நினைப்பதும் அதனால் சரியில்லை.

அடுத்தது "யார்க் தொழிற்சாலை". ஹட்சன் விரிகுடாவில் ஹேய்ஸ் ஆறு கலக்கும் இடத்தில் இருந்த ஹட்சன் பே கம்பெனியின் யார்க் ஃபாக்டரி, பொருள் உற்பத்தி செய்வதற்காக எழுந்த இடம் இல்லை. ஃபாக்டர் என்றால் வணிக முகவர், அவர் இருந்து வாங்கி விற்கும் இடம் ஃபாக்டரி. இதற்குத் தமிழில் ஏற்கெனவே சொல் இருக்கிறது. மசூலிப்பட்டினத்திலும் சென்னையிலும் கிழக்கிந்தியக் கம்பெனி வைத்திருந்ததைப் பண்டகசாலை என்றுதானே எழுதுகிறோம்? இதுவும் அதுவே. லண்டனில் பங்குதாரர்கள், கையில் அரசரின் சாசனம், கடலோரத்தில் கோட்டை, உள்நாட்டிலிருந்து சரக்கு. புனித ஜார்ஜ் கோட்டையின் கதை தெரிந்தவர்களுக்கு ஹட்சன் பே கம்பெனியின் அமைப்பு அரை மணி நேரத்தில் பிடிபட்டுவிடும். 1670இல் இரண்டாம் சார்லஸ் ஹட்சன் விரிகுடாவில் வடியும் ஆறுகளின் நிலம் முழுவதையும் இந்தக் கம்பெனிக்கு எழுதிக்கொடுத்தார். அதில் பெரும்பகுதியை அவரும் பார்த்ததில்லை, கம்பெனிக்காரர்களும் பார்த்ததில்லை.

பழைய குறிப்புகளில் "மான்" என்று வந்தால் அது பெரும்பாலும் கரிபூ, வடக்கே மந்தையாக வலசை போகும் பெரிய மான்வகை. "கௌதாரி" என்றால் பனிக்காலத்தில் வெள்ளையாகும் டார்மிகன் பறவை. இதைக் கவனிக்காமல் மொழிபெயர்த்தால், நம் ஊர்ப் புள்ளிமான் பனியில் நடந்து போவதாகப் படிப்பவர் நினைத்துக்கொள்வார்.

துப்பாக்கி உயரத்துக்குத் தோல்

இந்தக் கதையைக் கேள்விப்பட்டிருப்பீர்கள். துப்பாக்கியை நிறுத்தி வைத்து, அதன் நுனி வரை தோலை அடுக்கினால்தான் வெள்ளைக்காரன் கொடுத்தான். அதற்காகவே துப்பாக்கியை நீளமாகச் செய்தான் என்று. ஏமாற்றப்பட்டவர்கள் மேல் உள்ள பரிவில் சொல்லப்படுவதால் இந்தக் கதை எளிதில் பரவுகிறது. ஆனால் கம்பெனி ஒவ்வொரு பொருளுக்கும் "மேட் பீவர்" என்ற அலகில் விலைப்பட்டியல் வைத்திருந்தது. பதப்படுத்திய நல்ல பீவர் தோல் ஒன்று ஓர் அலகு. 18ஆம் நூற்றாண்டில் ஒரு துப்பாக்கி ஏறக்குறைய 10 முதல் 14 அலகு. நான்கு அடி உயரத்துக்கு அடுக்க வேண்டுமானால் அதைவிடப் பல மடங்கு தோல் தேவைப்பட்டிருக்கும்.

கதை பொய் என்பதைவிட, அது வேட்டைக்காரர்களை ஒன்றும் அறியாதவர்களாகக் காட்டுவதுதான் எனக்கு உறுத்துகிறது. கிரீ என்ற பூர்வகுடி மக்களின் வணிகத் தலைவர்கள் கோட்டைக்கு வந்தால் வெடிமருந்து நிறைய அளக்கப்படுகிறதா என்று பார்த்தார்கள். குளிரில் வெடித்துப்போகும் துப்பாக்கியைத் திருப்பிக் காட்டிச் சண்டை போட்டார்கள். இந்தக் கோட்டையில் விலை சரியில்லை என்றால் பிரெஞ்சுக்காரரிடம் போனார்கள். 1634இல் போல் லெ ஜூன் என்ற சேசு சபைப் பாதிரியார், இன்னு இனத்தவர் ஒருவர் சொன்னதைக் குறித்து வைத்திருக்கிறார். பீவர்தான் எல்லாவற்றையும் செய்துகொடுக்கிறது, கொப்பரை, கோடரி, கத்தி, ரொட்டி எல்லாம். இந்த ஆங்கிலேயர்களுக்கு அறிவே இல்லை, ஒரு தோலுக்கு 20 கத்தி தருகிறார்கள் என்று சிரித்தாராம். தாங்கள் ஓரிரண்டு பனிக்காலம் உடுத்திப் பழசாக்கிய பீவர் போர்வைக்கு வந்தவர்கள் அதிக விலை கொடுத்தது அவர்களுக்கு இன்னும் வேடிக்கையாக இருந்திருக்கும். உடம்பில் உரசி மேல்மயிர் உதிர்ந்து, எண்ணெய்ப் பிசுக்கு ஏறிய அந்தத் தோல்தான் தொப்பி செய்பவருக்கு உகந்தது.

வணிகத்தில் அநியாயமே இல்லை என்று நான் சொல்லவில்லை. சாராயம் இருந்தது, கடன் இருந்தது. பெரியம்மை வந்தது, 1781-82 அம்மையில் முகாம் முகாமாக மக்கள் இறந்தார்கள். அநியாயத்தைச் சொல்ல உண்மையே போதும், கட்டுக்கதை வேண்டாம்.

ஆளில்லாத காடு

எல்லைப்புறம் என்ற சொல்லையே கவனமாகக் கையாள வேண்டும். யாருக்கு எல்லை? லண்டனுக்கும் மாண்ட்ரியலுக்கும் அது ஓரம், அங்கே பிறந்தவருக்கு அது வீட்டு முற்றம். 1997இல் கனடாவின் வடமேற்கு மூலையில் உள்ள யூகானின் தெற்குப் பகுதியில், ஒரு மலைமேல், கோடையில் உருகிய பனித்திட்டு ஒன்றில் கரிபூ சாணம் அடுக்கடுக்காக வெளிப்பட்டது. அதன் நடுவே வேட்டைக் கருவியின் துண்டு கிடைத்தது. தேட ஆரம்பித்ததும் பல பனித்திட்டுகளிலிருந்து எறிகோல்களும் அம்புகளும் வெளிவந்தன. மிகப் பழையவை சுமார் 9,000 ஆண்டுகளுக்கு முந்தியவை. சுமார் 1,200 ஆண்டுகளுக்கு முன் எறிகோலை விட்டு வில்லுக்கு மாறியதையும் அவை காட்டுகின்றன. கோடையில் ஈத்தொல்லை தாங்காமல் கரிபூ பனிமேல் ஏறி நிற்கும் என்பதை அறிந்து, அதே திட்டுக்கு ஆண்டாண்டு காலமாக ஏறிப் போயிருக்கிறார்கள்.

துப்பாக்கி வந்த பிறகுதான் பெரிய வேட்டை சாத்தியமானது என்பதும் இதே வகைப் பிழை. வடக்கு யூகானில் குவிச்சின் மக்கள் மரக்கட்டைகளால் நீண்ட வேலிகள் அமைத்தார்கள். வலசை வரும் கரிபூ மந்தையை வேலி வழியே ஒடுக்கி, இடைவெளிகளில் வைத்த தோல்வார்க் கண்ணிகளில் சிக்கவைத்தார்கள். ஒரு குழல் துப்பாக்கியால் ஒரே நாளில் அவ்வளவு இறைச்சி சேர்க்க முடியாது. வேலி கட்ட ஊரே கூட வேண்டும், இறைச்சியும் ஊருக்கே. கையில் துப்பாக்கியோடு தனியாகக் காட்டில் திரியும் வீரன் என்ற படம் இங்கே பொருந்தவே இல்லை.

பெண்கள் எங்கே?

கணக்கேட்டில் பெண் பெயர் அரிதாகத்தான் வரும். அதனால் வேட்டை ஆண்களின் கதை என்று முடிவு கட்டிவிடுகிறோம். நான் இதைத்தான் எல்லாவற்றிலும் பெரிய தவறு என்பேன்.

சாமுவேல் ஹேர்ன் என்ற கம்பெனி ஊழியர், சர்ச்சிலில் இருந்த பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ் கோட்டையிலிருந்து வடக்கே தாமிரச் சுரங்கம் தேடிக் கிளம்பினார். 1769இல் முதல் முயற்சி தோற்றது. 1770இல் இரண்டாவதும் தோற்றது. திரும்பும் வழியில் அவரைச் சந்தித்த மட்டோனாபி என்ற, டெனே பூர்வகுடியைச் சேர்ந்த தலைவர் காரணத்தைச் சொன்னார்: நீங்கள் பெண்களை அழைத்துப் போகவில்லை. ஆண்கள் எல்லாரும் மூட்டை சுமந்தால் வேட்டையாடுவது யார்? வேட்டை கிடைத்தாலும் தூக்கி வருவது யார்? ஒரு பெண் இரண்டு ஆண்கள் சுமப்பதைச் சுமப்பாள், கூடாரம் போடுவாள், உடுப்பைத் தைப்பாள் என்றார். அதே பேச்சில், பஞ்ச காலத்தில் சமைக்கும்போது விரலை நக்கினாலே அவர்கள் பிழைத்துக்கொள்வார்கள் என்றும் சொல்லியிருக்கிறார். பெண்களின் உழைப்பும் அவர்கள் பட்ட பாடும் ஒரே குறிப்பில் சேர்ந்து கிடக்கின்றன. மூன்றாவது பயணம் பெண்களோடு போனது. 1771 ஜூலையில் வடகடல் கரையை எட்டியது.

திரும்பும் வழியில், 1772 ஜனவரியில், பனியில் யாருடையது என்று தெரியாத ஒரு பனிக்காலணித் தடத்தைப் பார்த்தார்கள். பின்தொடர்ந்து போனால் ஒரு சின்னக் குடிசை, உள்ளே ஓர் இளம்பெண் தன்னந்தனியாக. இன்று ட்லிச்சோ என்று அழைக்கப்படும் மக்களைச் சேர்ந்தவள். பகைவர்கள் அவளைச் சிறைபிடித்துப் போயிருந்தார்கள், கைக்குழந்தையைக் கொன்றிருந்தார்கள். தப்பி ஓடி வழி தெரியாமல் ஏழு மாதமாக அங்கே இருந்தாள். மான்கால் நரம்பு தீரும்வரை அதில் கண்ணி செய்தாள். தீர்ந்ததும் முயல்கால் நரம்பை முறுக்கிக் கண்ணி செய்தாள். இரண்டு கற்களைத் தட்டித் தீ உண்டாக்கி, அதை அணையவிடாமல் காத்தாள். முயல்தோல் உடுப்பை அழகு பார்த்துத் தைத்திருந்தாள். வசந்தத்தில் மீன்பிடிக்க வலை பின்னலாம் என்று வில்லோ மரத்தின் உட்பட்டையை உரித்துக் கயிறு திரித்து வைத்திருந்தாள். நல்ல உடல்நிலையில் இருந்தாள் என்கிறார் ஹேர்ன். அவள் பெயரை அவர் எழுதவில்லை. அவளைக் கண்டுபிடித்த ஆண்கள், யாருக்கு மனைவி என்று அன்றே மல்யுத்தம் போட்டு முடிவு செய்ததை எழுதியிருக்கிறார்.

வடகாட்டில் பிழைப்பது எப்படி என்று யார் கேட்டாலும் நான் இந்தப் பக்கத்தைத்தான் காட்டுவேன்.

ஒரு பெயராவது தப்பி வந்திருக்கிறது. தனடெல்தர் என்ற டெனே பெண், கிரீ மக்களிடமிருந்து தப்பி யார்க் ஃபாக்டரிக்கு வந்து, 1715-16இல் கிரீகளுக்கும் தன் மக்களுக்கும் இடையே சமாதானம் செய்துவைத்தாள். 1717இல் அங்கேயே இறந்தாள். சிறைபிடித்தல், பழிவாங்கல் எல்லாம் அந்த மண்ணிலும் இருந்தன. பூர்வகுடிகளை அப்பாவிகளாகவும் முனிவர்களாகவும் மாற்றி எழுதுவதும் அவர்களை மனிதர்களாகப் பார்க்காததுதான்.

தோல் கணக்கு விலங்குக் கணக்கு ஆகாது

உயிரியல் படித்தவர்களுக்கு அந்தப் படம் நினைவிருக்கும்: பனிமுயல் பெருகினால் லிங்க்ஸ் பூனையும் பெருகும், முயல் குறைந்தால் அதுவும் குறையும், ஏறக்குறைய 10 ஆண்டுக்கு ஒரு சுற்று. சுழற்சி உண்மைதான். ஆனால் கோடுகளுக்கு அடியில் இருப்பதில் பெரும்பங்கு ஹட்சன் பே கம்பெனியின் தோல் கணக்கு. அது கோட்டைக்கு வந்த தோலின் எண்ணிக்கை, காட்டில் இருந்த விலங்கின் எண்ணிக்கை ஆகாது. விலை விழுந்தால் பொறி வைப்பவர் வேறு விலங்கைத் தேடுவார். அம்மை வந்தால் பொறி வைக்கவே ஆள் இருக்காது. அந்த ஆண்டுத் தோல் வரத்து விழுந்ததற்கு பீவர் குறைந்தது காரணம் என்று சொல்ல முடியுமா? தோல் பிடிபட்ட ஆண்டும் ஏட்டில் ஏறிய ஆண்டும் கூட வேறாக இருக்கலாம்.

முயல் என்றதும் இன்னொன்று. முயல் கிடைத்தால் பட்டினி இல்லை என்று நினைக்காதீர்கள். கொழுப்பில்லாத முயல்கறியை மட்டுமே வாரக்கணக்கில் தின்றால் வயிறு நிறைந்தாலும் உடம்பு வற்றிச் சாகும். காய்ந்த இறைச்சியை இடித்துக் கொழுப்பை ஊற்றிச் செய்யும் பெமிக்கன் வடக்கு முழுவதும் ஓடியதற்கு இதுவும் காரணம்.

முடிந்துபோன கதை என்று நினைப்பது

1867இல் உருவான கனடா, சில ஆண்டுகளில் 3,00,000 பவுண்டு கொடுத்துக் கம்பெனி நிலத்தை வாங்கியது. அங்கே வாழ்ந்தவர்களை யாரும் கேட்கவில்லை. அத்தோடு வேட்டை வரலாறு முடிந்தது என்று பல புத்தகங்கள் நிறுத்திவிடுகின்றன.

1962 மே மாதம், மைக்கேல் சிகியா என்ற டெனே மனிதர், காசநோய்க்கு மருத்துவமனையில் இருந்து வந்த பிறகு, சாப்பாட்டுக்காக ஒரு காட்டு வாத்தைச் சுட்டார். 1917இல் வந்த வலசைப் பறவைச் சட்டத்தின்படி அது தடைக்காலம். மார்ச் 10 முதல் செப்டம்பர் 1 வரை தடை. வடக்கில் வாத்து இருப்பதே பெரும்பாலும் அந்த மாதங்களில்தான். தெற்கே அது போய்ச் சேரும்போது அங்கே வேட்டைக்காலம் திறந்திருக்கும். முன்போலவே வேட்டையாடலாம் என்று சொல்லித்தான் கனடா அரசு அவர் மக்களிடம் நில ஒப்பந்தத்தில் கையொப்பம் வாங்கியிருந்தது. வடக்கு நீதிபதி ஜான் சிசன்ஸ் அவரை விடுதலை செய்தார். மேல்முறையீட்டில் அது கவிழ்ந்தது. 1964இல் கனடா உச்ச நீதிமன்றம் தண்டனையை உறுதிசெய்தது.

வலசைப் பறவைகள் பற்றி அமெரிக்காவோடு இருந்த ஒப்பந்தத்தில், வசந்தகால வேட்டைக்கு இடம்கொடுத்துச் செய்த திருத்தம் 1995இல் கையெழுத்தாகி, 1999இல்தான் நடப்புக்கு வந்தது. அந்த வாத்து விழுந்து 37 ஆண்டுகள் ஆகியிருந்தன.