'கிரிட்டிக்கல்'னு பார்த்ததும் 'முக்கியமான'னு எழுதிடாதீங்க

ஒரு தடவை பழைய நூல்களைப் பதிப்பிக்கிறது பத்தின கட்டுரை ஒண்ண மொழிபெயர்த்துக்கிட்டு இருந்தேன். அதுல 'கிரிட்டிக்கல் அப்பாரட்டஸ்'னு வந்துச்சு, நானும் யோசிக்காம 'முக்கியமான கருவி'னு போட்டு அனுப்பிட்டேன். திரும்பி வந்த தாள்ல ஓரமா ஒரே ஒரு கேள்வி: "எந்தக் கருவி, சுத்தியலா?" அங்க கருவியே கிடையாது. ஒரே நூலோட பல சுவடிகள ஒப்பிட்டுப் பார்த்து எந்தச் சுவடில எந்தச் சொல் மாறியிருக்குன்னு பக்கத்தோட அடியில பொடி எழுத்துல போடுவாங்களே, அந்தப் பாடபேதக் குறிப்புகளுக்குத்தான் அந்தப் பேரு. அன்னிலேர்ந்து இந்த ஒரு வார்த்தையப் பார்த்தாலே கொஞ்சம் நிதானிச்சுட்டுத்தான் பேனாவ எடுக்குறது.

இங்கிலீஷ்ல பாடப்புத்தகம், ஆய்வுக்கட்டுரை படிக்கிறவங்க, மொழிபெயர்க்கிறவங்க, சும்மா ஆர்வத்துக்குப் படிக்கிறவங்க எல்லாருக்கும் இந்தச் சொல் தொல்லை குடுக்கும். இயற்பியல்ல ஒண்ணு, கணக்குல ஒண்ணு, தத்துவத்துல ஒண்ணு, கட்டடக்கலைல ஒண்ணு, இசைக்கூடத்துல வேற ஒண்ணு. நான் எப்படிப் பிரிச்சுக்கிறேன்னு சொல்றேன்.

முதல்ல வேர். கிரேக்கத்துல 'கிரினைன்'னு ஒரு வினைச்சொல், பிரிச்சுப் பார்க்கிறது, தீர்ப்புச் சொல்றதுன்னு அர்த்தம். அதுலேர்ந்து ரெண்டு கிளை. ஒண்ணு 'கிரிட்டிகோஸ்', அதாவது தரம் பிரிச்சுச் சொல்லத் தெரிஞ்ச ஆள். இன்னொண்ணு 'கிரிசிஸ்', தீர்ப்பாகுற நேரம். ஹிப்போகிரட்டீஸ் பேர்ல வர்ற பழைய மருத்துவ நூல்கள்ல, நோய் தேறுற பக்கம் சாயுதா போற பக்கம் சாயுதான்னு முடிவாகுற கட்டத்துக்கு இந்தச் சொல்லத்தான் போட்டாங்க. இன்னிக்கு ஆஸ்பத்திரில 'கிரிட்டிக்கலா இருக்கார்'னு சொல்றது நேரா அங்கிருந்து வந்ததுதான்.

அதனால படிக்கும்போது நீங்க கேட்க வேண்டிய முதல் கேள்வி ரொம்பச் சின்னது. இங்க யாராவது ஒரு ஆள் உக்காந்து எடை போடுறாரா, இல்ல விஷயம் தானாவே ஒரு எல்லையத் தொட்டுத் திரும்புதா? ஆள் இருந்தா திறனாய்வு, விமர்சனம், ஆய்வு இந்தப் பக்கம். எல்லை இருந்தா நம்ம பாடப்புத்தகத்துல வர்ற 'மாறுநிலை'. பெரும்பாலும் எல்லைப் பக்கம் வந்தா பக்கத்துல ஒரு எண்ணும் இருக்கும், அது நல்ல அடையாளம்.

எண் பக்கத்தப் பாருங்க. மூடின பாத்திரத்துல தண்ணியச் சூடாக்கிக்கிட்டே போனா சுமார் 374 டிகிரி செல்சியஸ், 218 வளிமண்டல அழுத்தத்துல ஒரு கட்டம் வரும், அதுக்கு மேல திரவம் எது ஆவி எதுன்னு பிரிக்கவே முடியாது, நடுவுல இருந்த கோடு காணாமப் போயிடும். கார்பன் டை ஆக்சைடுக்கு அந்த வெப்பநிலை வெறும் 31 டிகிரி, 1869ல தாமஸ் ஆண்ட்ரூஸ் அத வச்சுத்தான் இந்த விஷயத்த விளக்கி 'கிரிட்டிக்கல் பாயின்ட்'னு பேரையும் வச்சார். ஒளியியல்ல மாறுநிலைக் கோணம், தண்ணிலேர்ந்து காத்துக்குப் போற ஒளிக்கு சுமார் 48.6 டிகிரி, வைரத்துக்கு 24 டிகிரிக்குக் கொஞ்சம் மேல, அதத் தாண்டினா ஒளி வெளிய வராம உள்ளயே எதிரொளிக்கும். அதே 'கிரிட்டிக்கல் ஆங்கிள்' விமானப் புத்தகத்துல வந்தா கதை வேற. இறக்கை காத்த வெட்டுற கோணம் அந்த அளவத் தாண்டினா தூக்குவிசை சரியும், சாதாரண இறக்கைக்கு அது 15 டிகிரி பக்கத்துல இருக்கும். ரெண்டும் கோணம்தான், ரெண்டும் எல்லைதான், ஆனா ஒண்ணுக்குச் சொன்ன விளக்கத்த இன்னொண்ணுக்குப் போட்டா யாராச்சும் சிரிப்பாங்க.

இந்தப் பக்கத்துல ஒரு பெரிய பொறி இருக்கு, 'கிரிட்டிக்கல்'னா ஆபத்துன்னு நாமளே நினைச்சுக்கிறது. அணு உலை 'கிரிட்டிக்கல்' ஆயிடுச்சுன்னு தலைப்பப் பார்த்து பயந்தவங்கள நான் பார்த்திருக்கேன். உண்மைல அது நல்ல சேதி. ஒவ்வொரு அணுக்கருப் பிளவும் சராசரியா இன்னொரே ஒரு பிளவ உண்டாக்கி, தொடர்வினை அணையாமலும் எகிறாமலும் தானா ஓடுற நிலைக்குத்தான் அந்தப் பேரு. 1942 டிசம்பர் 2 அன்னிக்கு சிகாகோவுல என்ரிக்கோ ஃபெர்மி குழு முதல் தடவையா அந்த நிலையத் தொட்டாங்க, அப்ப அந்த உலை குடுத்தது அரை வாட் அளவு திறன்தான், ஆனாலும் கொண்டாடினாங்க. உலை ஓடிக்கிட்டு இருக்குற வரைக்கும் அது கிரிட்டிக்கல்தான். அதனால இங்க 'அபாய நிலை'னு மொழிபெயர்த்தா அர்த்தமே தலைகீழா போயிடும், 'மாறுநிலைய எட்டியது'ன்னோ 'தொடர்வினை தொடங்கியது'ன்னோ எழுதுங்க.

திட்டமிடல்ல வர்ற 'கிரிட்டிக்கல் பாத்' இன்னொரு பொறி. முக்கியமான வேலைகளோட பட்டியல்னு நினைப்போம். ஆனா அது முக்கியம் பத்தினதே இல்ல, நீளம் பத்தினது. ஒரு நாடகம் போடுறீங்க, உடை தைக்க 10 நாள், ஒத்திகைக்கு 30 நாள், ரெண்டும் ஒரே நேரத்துல நடக்கும்னு வைங்க. உடை ஒரு வாரம் தள்ளிப்போனாலும் அரங்கேற்றத் தேதி மாறாது, ஒத்திகை ஒரு நாள் தள்ளினா தேதியும் ஒரு நாள் தள்ளும். அந்த ஒத்திகை வரிசைதான் கிரிட்டிக்கல் பாத். 1950கள்ல டூபான்ட் கம்பெனில உருவான கணக்கு இது. உடை இல்லாம நாடகம் நடக்காதுங்கறது வேற விஷயம்.

இப்ப ஆள் பக்கம். இங்க எண் கிடைக்காது, ஆனா சாயல்கள் நிறைய, அதனால கொஞ்சம் மெதுவாப் போகணும்.

பதிப்புத்துறைல 'கிரிட்டிக்கல் எடிஷன்'னா நூலக் குறை சொல்ற பதிப்புன்னு அர்த்தமில்ல, கிடைச்ச சுவடிகளை எல்லாம் ஒப்பிட்டு எந்தப் பாடம் சரியா இருக்கும்னு எடைபோட்டு எடுத்த பதிப்பு, தமிழ்ல செம்பதிப்புன்னு அழகா ஒரு சொல் இருக்கு. புனேல பண்டார்கர் நிறுவனம் 1919ல தொடங்கி 1966ல முடிச்ச மகாபாரதப் பதிப்பு இந்த வகைதான், ஆயிரத்துக்கு மேல சுவடிகளப் பார்த்து செஞ்சது.

தத்துவத்துல வந்தா முதல்ல தேதியப் பாருங்க. கான்ட் 1781, 1788, 1790ல எழுதின மூணு பெரிய நூலோட தலைப்புலயும் 'கிரிட்டிக்'னு வரும். அங்க அது திட்டுறது இல்ல, அறிவு எது வரைக்கும் போக முடியும், எங்க நிக்கணும்னு அதோட எல்லையவே சோதிச்சுப் பார்க்கிறது. ஆள் எடை போடுறாரு, ஆனா எடை போடுறதே ஒரு எல்லையத்தான், ரெண்டு கிளையும் கொஞ்சம் உரசிக்கிற இடம்னு எனக்குத் தோணும். 1937ல மேக்ஸ் ஹோர்க்ஹைமர் எழுதின கட்டுரைக்கு அப்புறம் 'கிரிட்டிக்கல் தியரி'னா இன்னொரு பொருள் வந்துடுச்சு: சமூகம் எப்படி இருக்குன்னு விவரிச்சுட்டுப் போகாம, யாரோட அதிகாரம் அத இப்படி வச்சிருக்குன்னு கேட்டு, மாத்தணும்ங்கற நோக்கத்தோட செய்ற ஆய்வு. சட்டம், புவியியல், கல்வின்னு ஒரு துறைப் பேருக்கு முன்னாடி 'கிரிட்டிக்கல்' ஒட்டியிருந்தா பெரும்பாலும் இந்த வழிலதான் வருது. அங்க 'விமர்சன நோக்கு'னு எழுதலாம், கூடவே 'அதிகாரத்தைக் கேள்வி கேட்கிற'னு ஒரு வரி சேர்த்தா வாசகருக்குப் புரியும். ஆனா 'கிரிட்டிக்கல் திங்கிங்' அந்த வகை இல்ல, சொன்னத அப்படியே நம்பாம ஆதாரத்தப் பார்க்கிற பழக்கம், அவ்வளவுதான்.

கட்டடக்கலைல 'கிரிட்டிக்கல் ரீஜனலிசம்'னு ஒண்ணு இருக்கு. 1981ல சோனிஸ், லெஃபைவ்ர் ரெண்டு பேரும் வச்ச பேரு, 1983ல கென்னத் ஃப்ராம்ப்டன் எழுதினதால பரவலாச்சு. உலகம் பூரா ஒரே மாதிரி கண்ணாடிப் பெட்டி கட்டுறதையும் ஏத்துக்காம, பழைய ஓட்டையும் தூணையும் அலங்காரத்துக்கு ஒட்டுறதையும் ஏத்துக்காம, அந்த இடத்தோட வெயில், காத்து, நிலத்தப் பார்த்துக் கட்டணும்னு சொல்றது. இங்க 'கிரிட்டிக்கல்'னா ரெண்டு பக்கத்தையும் கேள்வி கேட்கிறது. 'நெருக்கடியான வட்டாரவாதம்'னு யாராச்சும் எழுதிட்டா அது ஏதோ அரசியல் சண்டை மாதிரி ஆயிடும்.

இதுவரைக்கும் சமாளிச்சுடலாம். உண்மையான கஷ்டம், ரெண்டு சொல்லும் சேர்ந்து ஒரே மாதிரி வந்து துறைக்குத் துறை மாறுறது. 'கிரிட்டிக்கல் டிஸ்டன்ஸ்' எடுத்துக்கோங்க. ஒலியியல்ல அது மீட்டர்ல அளக்குற தூரம், ஸ்பீக்கர்லேர்ந்து நேரா வர்ற ஒலியும் சுவர்ல பட்டு வர்ற ஒலியும் சமமா இருக்குற இடம், அதத் தாண்டிப் போனா எதிரொலிக் கலவைதான் தூக்கலா இருக்கும். கலை விமர்சனத்துல அதே சொல், படைப்புல மூழ்கிடாம கொஞ்சம் விலகி நின்னு பார்க்குற மனநிலை. இசை பத்தின ஒரே புத்தகத்துல இந்த ரெண்டும் வர வாய்ப்பிருக்கு, முதல் அத்தியாயத்துல பார்த்த அர்த்தத்த அப்படியே கடைசி வரைக்கும் தூக்கிட்டுப் போகாதீங்க.

'கிரிட்டிக்கல் பீரியட்' இன்னும் மோசம். மொழியியல்ல, 2 வயசுலேர்ந்து பருவ வயசு வரைக்கும்தான் தாய்மொழி இயல்பா ஒட்டும்னு 1967ல எரிக் லென்னபெர்க் சொன்ன கருத்து, அத இன்னும் வாதாடிக்கிட்டுத்தான் இருக்காங்க. நரம்பியல்ல, ஹ்யூபெலும் வீசலும் பூனைக்குட்டிகளோட ஒரு கண்ண முதல் சில மாசத்துல மூடி வச்சுப் பார்த்தாங்களே, அப்புறம் தொறந்தாலும் அந்தக் கண்ணு வழியா பார்வை சரியா வரல, அந்தக் காலஅளவு. கான்ட் படிக்கிறவங்களுக்கு அதே சொல் 1781லேர்ந்து அவர் எழுதின காலம், அதுக்கு முன்னாடி எழுதினதெல்லாம் 'ப்ரீ கிரிட்டிக்கல்'. அது தெரியாம ஒரு தத்துவக் கட்டுரைல 'கான்டின் நெருக்கடிக் காலம்'னு எழுதினா, பாவம் மனுஷனுக்கு என்ன கடன் தொல்லையோன்னு வாசகர் நினைப்பார்.

கணக்குலயும் இப்படி ஒண்ணு. x² − 4x + 7ங்கற சார்ப வகையிட்டு பூஜ்யத்துக்குச் சமப்படுத்தினா x = 2, அது மாறுநிலைப் புள்ளி, அங்க சார்போட மதிப்பு 3, அதுதான் கணக்குக்காரங்களோட 'கிரிட்டிக்கல் வேல்யூ'. புள்ளியியல்ல அதே பேர்ல வர்றது 1.96 மாதிரி எண், 5 சதவீத அளவுல ரெண்டு பக்கமும் சோதிக்கும்போது நீங்க கணக்குப் போட்டு எடுத்த எண் அதத் தாண்டினா கருதுகோள நிராகரிக்கணும். எனக்குப் பிடிச்ச இடம் இதுதான், ஏன்னா இங்க எல்லையும் இருக்கு தீர்ப்பும் இருக்கு, 1930கள்ல நெய்மனும் ஈகான் பியர்சனும் 'கிரிட்டிக்கல் ரீஜன்'னு எழுதும்போது அந்தக் கிரேக்க வேர் முழுசாத் திரும்பி வந்துட்ட மாதிரி இருக்கு.

வினையடையா வந்தா சீக்கிரம் முடிச்சுடலாம். படத்துக்கு முன்னாடி 'கிரிட்டிக்கலி'னு வந்தா விமர்சகர்கள் பாராட்டினது, நோயாளிக்கு முன்னாடி வந்தா உயிருக்குப் போராடுறது, விலங்குக்கு முன்னாடி வந்தா மிக அருகிய இனம். விளையாட்டுல 20 பக்கப் பகடைல 20 விழுந்தா 'கிரிட்டிக்கல் ஹிட்', அது யாரும் விமர்சனம் பண்ணதால வந்த ஹிட் இல்லன்னு சொல்லவேண்டியதில்ல.

இவ்வளவுக்கு அப்புறமும் சந்தேகமா இருந்தா நான் கடைசியா செய்றது, எதிர்ச்சொல் போட்டுப் பார்க்கிறது. அந்த இடத்துல 'அன்கிரிட்டிக்கல்'னு சொன்னா பொருந்துதா? அப்ப ஆள் பக்கம், அதாவது யோசிக்காம ஏத்துக்கிறதுக்கு எதிர். 'சப்கிரிட்டிக்கல்', 'சூப்பர்கிரிட்டிக்கல்' பொருந்துதா? அப்ப எல்லைப் பக்கம், கீழயும் மேலயும் ஒரு அளவு இருக்கு. 'நான்-கிரிட்டிக்கல்' (non-critical) பொருந்தினா அது அலுவலக பாஷை, அங்க மட்டும் தாராளமா 'முக்கியமான'னு போட்டுக்கலாம், அந்தப் பாவத்துக்கு யாரும் ஓரத்துல சுத்தியல் வரைய மாட்டாங்க. நூத்துக்குத் தொண்ணூறு இடத்துல இது வேலை செய்யுது.

வேலை செய்யாத இடம் ஓவியக் கல்லூரிக் கட்டுரைகள்ல வர்ற 'கிரிட்டிக்காலிட்டி'. அணு உலைக்காரங்களுக்கு இதே சொல் ரொம்பத் தெளிவு, ஓவியக்காரங்க கட்டுரைல சில நேரம் கேள்வி கேட்கிற குணம், சில நேரம் அதுக்கும் மேல ஏதோ, எழுதினவர்கிட்ட கேட்டாத்தான் உண்டு. அங்க நான் தமிழ்ச் சொல் தேடுறத விட்டுட்டு 'கிரிட்டிக்காலிட்டி'னே வச்சுட்டு, அந்தக் கட்டுரைக்குள்ள அது என்ன வேலை செய்யுதோ அத அடுத்த வரில விளக்கி எழுதிடறேன்.