நிலம் எடுக்கப்போவதாக நோட்டீஸ் வந்ததா? இழப்பீட்டை நீங்களே கணக்குப் போட்டுப் பாருங்கள்

2013 நில எடுப்புச் சட்டப்படி, பிரிவு 11 அறிவிக்கை (நிலத்தை எடுக்கப்போவதாகச் சொல்லும் முதற்கட்ட அறிவிப்பு) வெளியாகி 60 நாளுக்குள் ஆட்சேபம் எழுதிக் கொடுக்கலாம். அது ஒரு பக்கம் நடக்கட்டும். கூடவே இழப்பீட்டு வேலையையும் தொடங்கிவிடுங்கள்.

படி 1: பட்டா இன்னும் தாத்தா பெயரில்தான் இருக்கிறதா? வாரிசுகள் பெயருக்கு மாற்ற இன்றே மனு கொடுங்கள். பங்காளித் தகராறு என்று வந்தால் பணம் முடங்கிவிடும்.

படி 2: இதுதான் முக்கியமான படி. வழிகாட்டி மதிப்பு (பத்திரப் பதிவுக்கு அரசு வைத்திருக்கும் விலை), அக்கம்பக்கத்து விற்பனைகளின் சராசரி, இரண்டில் எது அதிகமோ அதுதான் சந்தை மதிப்பு. சராசரி என்றால் எல்லாப் பத்திரத்துக்கும் இல்லை. அறிவிக்கைக்கு முந்தைய 3 ஆண்டுப் பத்திரங்களில் விலை அதிகமுள்ள பாதியை மட்டும்தான் எடுக்க வேண்டும். பதிவுத்துறை இணையதளத்தில் பக்கத்துப் புல எண்களுக்கு வில்லங்கம் போட்டுப் பார்த்தால், எந்த நிலம் எவ்வளவுக்குக் கைமாறியது என்று தெரியும். ஒரு சங்கடம்: முத்திரைத்தாள் செலவை மிச்சம் பிடிக்க ஊரே குறைத்துப் பதிந்திருந்தால், அந்தக் குறைந்த விலைதான் இப்போது எல்லோர் தலையிலும் விடியும்.

படி 3: கிணறு, போர், தென்னை, மோட்டார் கொட்டகை எல்லாவற்றையும் எண்ணிக்கை, வயதோடு எழுதி, படமும் எடுத்து வையுங்கள். அளக்க வருபவர்கள் இருக்கும்போதே பட்டியலைக் கொடுத்துக் கையெழுத்து வாங்குங்கள்.

படி 4: சரி, கணக்கு. நிலத்தின் சந்தை மதிப்பு 20 லட்சம் என்று வைத்துக்கொள்வோம். கிராமப்புறத்துக்கு அதை 1 முதல் 2 வரையுள்ள ஒரு காரணியால் பெருக்குவார்கள். நகரிலிருந்து உள்ள தூரத்தைப் பொறுத்து அது மாறும். 1.5 என்றால் 30 லட்சம். மரம், கிணறுக்கு 4 லட்சம் சேர்த்தால் 34. இதற்குச் சமமாக ஆறுதல் தொகை இன்னொரு 34. ஆக 68 லட்சம். இதுபோக, சந்தை மதிப்பின் மீது ஆண்டுக்கு 12 சதவீதம் தனி.

படி 5: தீர்வத்தில் (இழப்பீடு இவ்வளவு என்று ஆட்சியர் முடிவு செய்யும் ஆணையில்) தொகை குறைந்தால், பணம் வாங்கும்போதே 'ஆட்சேபத்துடன் பெறுகிறேன்' என்று எழுதிக் கையெழுத்திடுங்கள். எழுதாமல் வாங்கினால் கூடுதல் கேட்கும் உரிமை போய்விடும். தீர்வம் சொல்லும்போது நேரில் இருந்திருந்தால், 6 வாரத்துக்குள் பிரிவு 64-ன் கீழ் ஆட்சியரிடம் மனு கொடுக்க வேண்டும்.

தேசிய நெடுஞ்சாலைக்கு எடுத்தால் வழி கொஞ்சம் வேறு. அது 1956 சட்டம். ஆட்சேபத்துக்கு 21 நாள்தான், தொகைத் தகராறு நடுவரிடம் போகும். கணக்கு மட்டும் மேலே சொன்னதேதான்.