முட்டியை நீட்ட முடியவில்லையா? சில்லும் தசைநாணும்: காயம் முதல் ஆபரேஷன், பயிற்சி வரை

விழுந்தவரை மல்லாக்கப் படுக்க வையுங்கள். முட்டியை மடக்காமல், குதிகாலை ஒரு சாண் உயரம் தூக்கச் சொல்லுங்கள். கால் நேராக எழுந்து ஐந்து விநாடி நின்றால், முட்டியை நீட்டும் அமைப்பு முழுதாக அறுந்திருக்க வாய்ப்பு குறைவு. தூக்கவே வரவில்லை, அல்லது தொடை எழும்புகிறது, முட்டிக்குக் கீழே கால் தொங்குகிறது என்றால் அது சுளுக்கு இல்லை. அன்றைக்கே எலும்பு டாக்டரிடம் போக வேண்டிய காயம்.

இதை முதலிலேயே சொல்லக் காரணம் உண்டு. இந்தக் காயத்தோடு பலரால் விந்தி விந்தி நடக்க முடியும். சமதரையில் காலை விறைப்பாக வைத்துச் சமாளித்துவிடுவார்கள். படியிறங்கும்போதுதான் முட்டி மடிந்து விழுவார்கள். நடக்கிறாரே என்று எண்ணெய் தேய்த்து, சுளுக்கு வழித்து, பிறகு புத்தூருக்குப் பஸ் ஏறி முட்டை வெள்ளைக் கட்டுப் போட்டுத் திரும்புவதற்குள் மூன்று வாரம் ஓடிவிடும். கட்டு கை எலும்பைப் பிடித்து வைக்கலாம். சில்லு, அதாவது முட்டியின் முன்னால் கைக்குத் தட்டுப்படும் வட்ட எலும்பு, இரண்டாகி விலகிய பிறகு, மேல் துண்டைத் தொடைத் தசை ஓயாமல் மேலே இழுத்துக்கொண்டே இருக்கும். வெளியே போடும் எந்தக் கட்டும் அந்த இழுப்பை நிறுத்தாது, மாவுக்கட்டும் நிறுத்தாது.

உள்ளே என்ன இருக்கிறது

தொடையின் முன்பக்கம் நான்கு தசைகள். நடுவில் உள்ளது இடுப்பெலும்பில் தொடங்குகிறது, மற்ற மூன்றும் தொடை எலும்பிலேயே தொடங்குகின்றன. நான்கும் முட்டிக்கு மேலே சேர்ந்து தடித்த தசைநாணாகி, சில்லின் மேல்விளிம்பைப் பிடிக்கின்றன. சில்லின் கீழ்முனையிலிருந்து இன்னொரு நாண் சுமார் 5 செ.மீ. இறங்கி, கீழ்க்கால் எலும்பின் முன்னால் விரலுக்குத் தட்டுப்படும் மேட்டில் ஒட்டுகிறது. சில்லின் இரு பக்கமும் மெல்லிய பட்டைகள் கீழே இறங்குகின்றன. இவற்றை மறந்துவிடக் கூடாது. சில்லு உடைந்தும் பக்கப் பட்டைகள் தப்பித்திருந்தால் காலைக் கொஞ்சம் தூக்க முடியும், அதைப் பார்த்து ஏமாந்துவிடுவோம். அதனால் சந்தேகம் இருந்தால் இரண்டாவது சோதனையும் வேண்டும்: கட்டில் விளிம்பில் உட்கார்ந்து, தொங்கும் காலை முழுக்க நீட்டச் சொல்லுங்கள். கடைசி 10, 20 டிகிரி வராமல் நின்றாலும் அது குறைதான்.

சில்லின் வேலை, நாணை மூட்டின் மையத்திலிருந்து முன்னே தள்ளி வைப்பது. கிணற்று ராட்டினம் போலத்தான். அது இருப்பதால் நீட்டும் பலம் ஏறக்குறைய 30 சதவீதம் கூடுகிறது. அதற்கேற்ற சுமையும் அதன்மேல் விழுகிறது. சமதரையில் நடக்கும்போது சில்லுக்குப் பின்னால் உடல் எடையில் பாதி அளவு அழுத்தம், படியில் மூன்று மடங்கு, குந்தி உட்காரும்போது ஏழெட்டு மடங்கு. சோளிங்கர் மலையின் 1,300 படிகளை 60 கிலோ உடம்போடு ஏறி இறங்குகிறவரின் முட்டி ஒவ்வொரு படிக்கும் 180 கிலோ அளவு வாங்குகிறது. (ரோப் கார் வந்ததில் முட்டி வலிக்காரர்களுக்கு இரட்டைப் புண்ணியம்.)

எங்கே அறும், ஏன்

பெரும்பாலும் பாதம் தரையில் ஊன்றியிருக்க, முட்டி லேசாக மடிந்திருக்க, விழாமலிருக்கத் தொடைத் தசை முழுப் பலத்தோடு இறுகும் அந்தக் கணத்தில்தான் அறுகிறது. கடைசிப் படியைத் தவறவிடுவது, ஈரக் குளியலறையில் வழுக்குவது, கபடியில் திடீரென்று நிற்பது எல்லாம் இதில் சேரும். நல்ல நாண் நடுவில் அறுவது அபூர்வம். எலும்போடு ஒட்டும் இடத்தில்தான் பிய்த்துக்கொண்டு வரும்.

வயது பார்த்தாலே பாதி தெரிந்துவிடும். நாற்பதைத் தாண்டியவர்களுக்குச் சில்லுக்கு மேலே உள்ள நாண், நாற்பதுக்குக் கீழே விளையாட்டுக்காரர்களுக்குச் சில்லுக்குக் கீழே உள்ள நாண். சில்லு உடைவது எந்த வயதிலும் வரும். வண்டியிலிருந்து முட்டி தரையில் மோத விழுந்தாலோ, தேசிய நெடுஞ்சாலை 48-ல் கார் மோதி முட்டி டேஷ்போர்டில் இடித்தாலோ சில்லு நேரடியாக நொறுங்கும். டேஷ்போர்டு இடி என்றால் இடுப்பு மூட்டு பின்பக்கம் நழுவியிருக்கிறதா என்று இடுப்பு எக்ஸ்ரேவும் எடுத்தாக வேண்டும். முட்டி வலியில் இடுப்பு மறைந்துபோகும்.

நாணை உள்ளுக்குள் பலவீனமாக்கும் நோய்கள்: சர்க்கரை, யூரிக் அமிலம், நீண்ட நாள் ஸ்டீராய்டு, சிறுநீரகச் செயலிழப்பு. டயாலிசிஸில் இருப்பவர்களுக்குப் பாராதைராய்டு ஹார்மோன் கூடி, நாணும் எலும்பும் சேரும் இடத்தை அரித்துவிடும். அவர்களுக்கு நாற்காலியிலிருந்து எழும்போதே அறுந்துவிடலாம், சில சமயம் இரண்டு முட்டியிலும் ஒரே நேரத்தில். இரண்டு பக்கமும் அறுந்தால் ஒப்பிட்டுப் பார்க்க நல்ல கால் இல்லாததால், முதுகு நரம்புக் கோளாறு என்று தவறாக நினைப்பதும் நடக்கிறது. சிப்ரோஃப்ளாக்சசின், லெவோஃப்ளாக்சசின் வகை மருந்துகளும் நாணைக் கெடுக்கும். சில்லுக்குக் கீழே உள்ள நாணில் வலிக்கு ஸ்டீராய்டு ஊசி போடுவதாகச் சொன்னால் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள்.

12 முதல் 16 வயதுப் பையன்கள் தனிக் கணக்கு. அவர்களுக்கு நாண் அறாது, அது ஒட்டியிருக்கும் எலும்பு மேடே பெயர்ந்து வரும். தாவும்போது முட்டிக்குக் கீழே 'டக்' என்று கேட்டு, அங்கேயே வீங்கினால் அதுதான். கீழ்க்காலின் முன்பக்கம் கல்லாக இறுகி, கால்விரலைக் கீழ்நோக்கி மடக்கினால் பையன் அலறினால் ஒரு மணி நேரம்கூடக் காத்திருக்காதீர்கள். தசை உறைக்குள் இரத்தம் தேங்கி, தசையே செத்துப்போகும் ஆபத்து அது. இதே இடத்தில் மாதக்கணக்காக மெல்ல மெல்ல வலித்து மேடு தட்டுவது வளரும் வயதுத் தொந்தரவு. ஓட்டத்தைக் குறைத்தாலே தணியும்.

முதல் ஒரு மணி நேரம்

முட்டியை மடக்கிப் பார்க்காதீர்கள், தேய்க்காதீர்கள். தொடை இடுக்கிலிருந்து கணுக்கால் வரை நீளும் பலகையைத் துணி சுற்றிக் காலுக்கு அடியில் வைத்து, சில்லின் மேல் முடிச்சு விழாமல் கட்டுங்கள். ஐஸைத் துணியில் சுற்றி 15 நிமிடம் வைத்து எடுங்கள். பாதம் சூடாக இருக்கிறதா, விரல் அசைகிறதா பாருங்கள். பாதம் சில்லிட்டு வெளுத்தால் மூட்டே நழுவி இரத்தக்குழாய் சிக்கியிருக்கலாம், உடனே 108. சில்லின் மேல் தோல் கிழிந்திருந்தால் சுத்தத் துணியால் மூடுங்கள், மஞ்சளோ காப்பித்தூளோ வைக்காதீர்கள், சாப்பிடவும் கொடுக்காதீர்கள். வலிக்குப் பாராசிட்டமால் போதும். சிறுநீரக நோயாளிக்கு மெடிக்கலில் டைக்ளோஃபெனாக் வாங்கிக் கொடுப்பது பெரிய தப்பு.

வேலூர் வட்டாரத்தில் அடுக்கம்பாறை அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை இருக்கிறது. சி.எம்.சி.யின் ராணிப்பேட்டை வளாகத்தில் விபத்துச் சிகிச்சை இருக்கிறது. முதலமைச்சர் காப்பீட்டு அட்டை, ஆதார், சாப்பிடும் மருந்துச் சீட்டு மூன்றையும் எடுத்துப் போங்கள்.

டாக்டர் என்ன பார்ப்பார்

முட்டி நிறைய இரத்தம் தேங்கினால் வலியாலேயே கால் எழாது. அப்போது ஊசியால் இரத்தத்தை எடுத்து, மரத்துப்போகும் மருந்தை உள்ளே செலுத்தி, மறுபடி தூக்கச் சொல்வார்கள். அப்போதும் எழாவிட்டால் அறுந்திருக்கிறது. விரலால் தடவினால் சில்லுக்கு மேலேயோ கீழேயோ பள்ளம் தட்டுப்படும்.

எக்ஸ்ரேயில் பக்கவாட்டுப் படம்தான் முக்கியம், முட்டியை 30 டிகிரி மடக்கி எடுத்தது. அதில் கீழ் நாணின் நீளத்தைச் சில்லின் நீளத்தால் வகுத்தால் 0.8 முதல் 1.2 வரை வர வேண்டும். 1.2-ஐத் தாண்டினால் சில்லு மேலே ஏறியிருக்கிறது, கீழ் நாண் அறுந்திருக்கும், 0.8-க்குக் கீழே போனால் மேல் நாண். சிலருக்குப் பிறவியிலேயே சில்லின் மேல்-வெளி மூலையில் தனித் துண்டு இருக்கும். விளிம்பு வழவழப்பாக இருக்கும், அந்த இடத்தில் அழுத்தினால் வலிக்காது. எலும்பு முறிவு என்று யாராவது ஆபரேஷனுக்குத் தேதி கொடுத்தால், மற்ற முட்டியையும் படம் எடுக்கச் சொல்லுங்கள். நாண் பாதி அறுந்ததா முழுதா என்ற சந்தேகத்துக்கு அல்ட்ராசவுண்ட் அல்லது எம்.ஆர்.ஐ.

ஆபரேஷன் எப்போது வேண்டாம், எப்போது வேண்டும்

உடைந்த சில்லின் துண்டுகள் 2, 3 மில்லிமீட்டருக்கு மேல் விலகாமல், உள்பக்க வழுவழுப்பில் 2 மில்லிமீட்டர் மேடுபள்ளமும் விழாமல், காலைத் தூக்கவும் முடிந்தால் நேராக வைத்து 4 முதல் 6 வாரக் கட்டு போதும். முதல் இரண்டு வாரம் வாராவாரம் எக்ஸ்ரே எடுங்கள். கட்டுக்குள்ளேயே துண்டு விலகலாம்.

குறுக்கே உடைந்து விலகிய சில்லுக்கு வழக்கமான முறை, 1.6 அல்லது 2 மி.மீ. கம்பிகள் இரண்டை இணையாகச் செலுத்தி, 18 கேஜ் ஸ்டீல் கம்பியை எட்டு வடிவில் முன்பக்கம் சுற்றி முறுக்குவது. முட்டி மடியும்போது முன்பக்கம் பிரிக்கப் பார்க்கும் இழுப்பை, உள்பக்கத் துண்டுகளை ஒன்றோடொன்று நெருக்கும் அழுத்தமாக அது மாற்றிவிடுகிறது. அதனால்தான் இந்த ஆபரேஷனுக்குப் பிறகு சீக்கிரம் மடக்க அனுமதிக்கிறார்கள். பக்கப் பட்டைகளையும் தைக்க வேண்டும். கீழ்முனை மட்டும் பொடியாகியிருந்தால் அதை எடுத்துவிட்டு நாணை மிச்சச் சில்லோடு தைப்பார்கள். முழுச் சில்லையும் எடுப்பது கடைசி வழி. நீட்டும் பலம் கணிசமாகக் குறையும்.

அறுந்த நாணுக்கு, கரையாத 5-ம் எண் தடித்த நூலை நாணின் இரு ஓரத்திலும் பூட்டுத் தையலாக ஏற்றி, சில்லில் நீளவாக்கில் போட்ட மூன்று துளை வழியே இழுத்து மறுமுனையில் முடிச்சிடுவார்கள். துளைக்குப் பதில் எலும்பில் பதியும் நங்கூரமும் உண்டு, விலை அதிகம். முடிச்சை இறுக்கும் முன் சில்லின் உயரத்தை மற்ற காலோடு ஒப்பிட வேண்டும். கீழே இழுத்துவிட்டால் முட்டி மடங்காது, மேலே விட்டால் முழுக்க நீளாது.

இதெல்லாம் முதல் இரண்டு வாரத்துக்குள் நடந்தால் நேர்த் தையலோடு முடியும். ஆறு வாரம் கழித்து வந்தால் தசை சுருங்கி, சதை எலும்போடு ஒட்டியிருக்கும். மேல் நாணை வெட்டி நீட்டவோ, பின்தொடையிலிருந்து நாண் எடுத்து ஒட்டவோ வேண்டும். பலமும் முழுதாகத் திரும்பாது.

அடுத்த ஆறு மாதம்

கீல் வைத்த பிரேஸை (காலில் கட்டும் தாங்கியை) நேர்நிலையில் பூட்டி, வாக்கரோடு காலை ஊன்றலாம். தைத்த நாணுக்குப் பொதுவான கணக்கு: இரண்டாம் வார முடிவில் 30 டிகிரி மடக்கல், நான்காம் வாரம் 60, ஆறாம் வாரம் 90. மடக்குவது தசையால், நீட்டுவது கையால் அல்லது மற்ற காலால். ஆறு வாரத்துக்கு முன் பாரத்துக்கு எதிராகத் தானே நீட்டினால் தையல் அறும். தையலின் இறுக்கத்தை உள்ளே பார்த்தவர் சர்ஜன் மட்டும்தான்; அவர் எழுதித் தரும் டிகிரி எண்ணே இறுதி.

முதல் நாளிலிருந்து செய்ய வேண்டியது: விழித்திருக்கும் ஒவ்வொரு மணிக்கும் 20 முறை பாதத்தை மேலும் கீழும் அசைப்பது. சர்ஜன் சம்மதித்தால், படுத்தபடி முட்டியைக் கட்டிலில் அழுத்தித் தொடையை 5 விநாடி இறுக்குவது, பத்துப் பத்தாக மூன்று வேளை. முட்டிக்கு அடியில் தலையணை வைக்காதீர்கள். வசதியாக இருக்கும், ஆனால் மடங்கிய நிலையிலேயே முட்டி இறுகிவிடும். தலையணையைக் குதிகாலுக்கு அடியில் வையுங்கள்.

வேலூர் வெயிலில் பிரேஸ் பெரிய சோதனை. வேர்த்தால் கீழே வழுகும், கீலின் மையம் சில்லுக்கு நேரே இல்லாமல் போகும். காலையும் மாலையும் சரிபாருங்கள். அடியில் பருத்தி உறை இரண்டு வைத்துக்கொண்டு மாற்றி மாற்றித் துவையுங்கள். முட்டிக்குக் கீழே வெளிப்பக்கம் உருண்டு தெரியும் எலும்பின்மேல் பட்டி இறுகக் கூடாது. அங்கே தோலுக்கடியில் நரம்பு ஓடுகிறது, அழுத்தினால் பாதம் தொங்கிவிடும்.

ஆறு முதல் எட்டு வாரத்தில் பிரேஸ் கழலும். பிறகு முட்டிக்கு அடியில் சுருட்டிய துண்டை வைத்துக் கடைசி 30 டிகிரியை நீட்டுவது, சீட்டை உயர்த்திய நிலைச் சைக்கிள், 4 அங்குலப் படி ஏறுவது என்று போகலாம். விளையாட்டு ஆறு மாதத்துக்கு முன் வேண்டாம். கிக்கர் மிதிக்கும் வண்டியை அதுவரை யாராவது ஸ்டார்ட் செய்து கொடுக்கட்டும். குந்தும் கழிப்பறைக்கு 130 டிகிரிக்கு மேல் வேண்டும். பல மாதம் ஆகும், சிலருக்கு வராது. மருத்துவமனையிலிருந்து வருவதற்குள் கமோடு நாற்காலி வாங்கி வைத்துவிடுங்கள். தொழுகைக்கும் தரைச் சாப்பாட்டுக்கும் நாற்காலிதான்.

கெண்டைக்கால் வீங்கி வலித்தால், மூச்சு வாங்கினால், தையலில் நீர் கசிந்தால், திடீர்ச் சத்தத்துக்குப் பிறகு கால் தூக்க வரவில்லை என்றால் அடுத்த அப்பாயின்ட்மென்ட் வரை பொறுக்காதீர்கள். சில்லின்மேல் கம்பி முனை தோலைக் குத்துவது சாதாரணம். எலும்பு முழுதாகக் கூடியது எக்ஸ்ரேயில் தெரிந்த பிறகு சின்ன ஆபரேஷனில் எடுத்துவிடலாம். குத்தாவிட்டால் அப்படியே விடலாம்.