கனடாவில் உங்கள் எம்.பி.யைக் கண்டுபிடித்து அவருடைய அலுவலகம் வரை போவது எப்படி?

தங்கையின் கணவருக்குப் போட்ட ஸ்பொன்சர் விண்ணப்பம் பதினான்கு மாதமாக அசையவில்லை. "எம்.பி.ன்ர ஒபிஸுக்குப் போய்க் கதை அக்கா" என்று அவள் சொல்லிச் சொல்லிக் களைத்த பிறகுதான் நான் இறங்கினேன். வேலை முடிந்துவிட்டது. ஆனால் தொடக்கத்திலேயே ஒரு பிழை விட்டேன், அதனால் இரண்டு வாரம் வீணாய்ப் போனது. இனி ஒருவருக்கும் அது நடக்கக்கூடாது என்பதற்காகத்தான் இந்தப் பதிவு.

படி 1: பெயரை வைத்துத் தேடாதீர்கள், வீட்டு முகவரியை வைத்துத் தேடுங்கள்

என் பிழை இங்கேதான். கூகிளில் ஸ்காபரோ (ரொறன்ரோவின் கிழக்குப் பகுதி) என்று அடித்துத் தொகுதிப் பெயரைப் போட்டேன், வந்த முதல் அலுவலகத்துக்கு முழுக் கோப்பையும் அனுப்பினேன். அது மாகாண உறுப்பினரின், அதாவது எம்.பி.பி.யின் அலுவலகம். இரண்டு வாரத்துக்குப் பிறகு ஒரு பெண்பிள்ளை தொலைபேசியில் அழைத்து, "குடிவரவு சமஷ்டி அரசின் விஷயம், உங்கட எம்.பி.யிட்டத்தான் போகவேணும்" என்று பொறுமையாகச் சொன்னார்.

இந்தக் குழப்பத்துக்குக் காரணம் உண்டு. பத்து வருடத்துக்கு ஒருமுறை, சனத்தொகைக் கணக்கெடுப்புக்குப் பிறகு, சமஷ்டித் தொகுதிகளின் எல்லைகளைச் சுயாதீன ஆணைக்குழுக்கள் மாற்றி வரைகின்றன. 2021 கணக்கெடுப்பை வைத்து மக்களவை 338 ஆசனத்திலிருந்து 343 ஆனது. ஒன்ராறியோவுக்கு 121 இருந்தது 122 ஆனது. ஆனால் ரொறன்ரோ ஒரு தொகுதியை இழந்து 25இலிருந்து 24க்கு இறங்கியது. அந்த மாற்றத்தில் ஸ்காபரோ-ரூஜ் பார்க் என்ற சமஷ்டித் தொகுதி, பக்கத்துத் தொகுதியின் கில்ட்வூட் பகுதியையும் சேர்த்துக்கொண்டு ஸ்காபரோ-கில்ட்வூட்-ரூஜ் பார்க் ஆகிவிட்டது.

மாகாணம் தன் எல்லையை மாற்றவில்லை. 2025 பெப்ரவரி 27 ஒன்ராறியோத் தேர்தல் பழைய எல்லைகளில்தான் நடந்தது. அதற்கு இரண்டு மாதம் கழித்து, ஏப்ரல் 28 சமஷ்டித் தேர்தல் புதிய எல்லைகளில். ரூஜ் பக்கம் ஒரே வீட்டில் இருந்துகொண்டு குளிரில் ஒரு தொகுதியிலும் வசந்தத்தில் இன்னொரு தொகுதியிலும் வாக்குப் போட்டவர்கள் இருக்கிறார்கள். நகரசபை வட்டாரங்களோ 2018 முதல் பழைய சமஷ்டி எல்லைகளையே பின்பற்றுகின்றன. அதனால் ஸ்காபரோ-ரூஜ் பார்க் என்ற பெயர் மாகாணத்திலும் நகரசபையிலும் (25ஆம் வட்டாரம்) உயிரோடு இருக்கிறது, ஒட்டாவாவில், அதாவது சமஷ்டி நாடாளுமன்றத்தில், இல்லை. பெயரை நம்பித் தேடினால் எங்கே போய் நிற்பீர்கள் என்று பாருங்கள்.

ஆகவே எலெக்‌ஷன்ஸ் கனடா தளத்துக்குப் போய் போஸ்டல் கோடை அடியுங்கள். தொகுதிப் பெயர் வரும். மக்களவையின் சொந்தத் தளமான அவர்காமன்ஸிலும் (ourcommons.ca) அதே வேலையைச் செய்யலாம், அங்கே எம்.பி.யின் படமும் அலுவலக விபரமும் சேர்ந்தே வரும். பழைய துண்டுப்பிரசுரம், குளிர்சாதனப்பெட்டிக் கதவில் ஒட்டிய நாட்காட்டி, வட்ஸ்அப்பில் வந்த இலக்கம் எதையும் நான் இனி நம்பமாட்டேன்.

படி 2: எந்த அலுவலகம்?

எம்.பி.க்கு ஒட்டாவாவில் ஒன்று, தொகுதியில் ஒன்று. குடிவரவு, கடவுச்சீட்டு, ஓய்வூதியம், வரி, வேலையின்மைக் காப்புறுதி என்று தனிப்பட்ட கோப்பு எதுவானாலும் தொகுதி அலுவலகம். சட்டமூலம், கொள்கை பற்றிய கருத்து என்றால் ஒட்டாவா. ஒட்டாவா மக்களவை முகவரிக்குக் கடிதம் போட முத்திரை தேவையில்லை, தொகுதி அலுவலகத்துக்குத் தேவை.

எம்.பி. அமைச்சராக இருந்தாலும் இது மாறாது. ஹரி ஆனந்தசங்கரி 2025 மே மாதம் பொதுப் பாதுகாப்பு அமைச்சரானார். அதற்காக ஸ்காபரோ-கில்ட்வூட்-ரூஜ் பார்க்கில் இருப்பவர் வேறு எம்.பி.யைத் தேடவேண்டியதில்லை.

படி 3: கோப்போடு போங்கள்

விண்ணப்ப இலக்கம், யூசிஐ இலக்கம் (குடிவரவுத் திணைக்களம் ஒவ்வொருவருக்கும் கொடுக்கும் தனி இலக்கம்), அந்தத் திணைக்களத்திலிருந்து கடைசியாக வந்த கடிதம், இந்த மூன்றும் கையில் இருக்கவேண்டும். எல்லாவற்றையும் விட முக்கியம் சம்மதப் படிவம். அது இல்லாமல் உங்கள் கோப்பைப் பற்றி எம்.பி. அலுவலகம் ஒரு வார்த்தை கேட்கமாட்டாது, தனியுரிமை விஷயம். எங்கள் விஷயத்தில் தங்கையும் மச்சானும் இருவரும் கையெழுத்து வைக்கவேண்டியிருந்தது. அவர் யாழ்ப்பாணத்தில். நீல மையால் கையெழுத்திட்டு, கைத்தொலைபேசியில் படமெடுத்து அனுப்பினார். ஓரத்தில் விரல் நிழல் விழுந்து திகதி தெரியவில்லை, திரும்ப எடுக்கவேண்டி வந்தது. ஸ்கான் செய்யும் செயலி ஒன்றைப் பாவியுங்கள், வெறும் கமரா வேண்டாம்.

ஒன்றைத் தெளிவாகச் சொல்கிறேன். எம்.பி.யால் விசா கொடுக்கமுடியாது. கோப்பு எந்த நிலையில் நிற்கிறது, எந்தப் பத்திரம் குறைகிறது என்று கேட்டுச் சொல்லமுடியும். எங்கள் கோப்பில் ஒரு பொலிஸ் சான்றிதழ் காலாவதியாகியிருந்தது. பதினான்கு மாதமாக எங்களுக்குத் தெரியாத விஷயம் அப்போதுதான் தெரிந்தது.

படி 4: அவர் சபையில் என்ன செய்கிறார் என்று பாருங்கள்

இதைப் பலர் விட்டுவிடுகிறார்கள், எனக்கு அது கவலை. அவர்காமன்ஸில் எம்.பி.யின் பக்கத்தைத் திறந்தால் அவர் பேசியது, வாக்களித்தது எல்லாம் இருக்கும். சி என்று தொடங்கும் இலக்கம் மக்களவைச் சட்டமூலம், எஸ் என்றால் செனட்டிலிருந்து வந்தது, எம் என்றால் தனி உறுப்பினரின் பிரேரணை. ஜனவரி (தை) மாதத்தைத் தமிழ் மரபுத் திங்கள் என்று அங்கீகரித்த எம்-24 அப்படியொரு பிரேரணைதான். ஹரி ஆனந்தசங்கரி கொண்டுவந்து 2016 ஒக்ரோபரில் நிறைவேறியது.

தேடுவதற்கு எனக்குப் பிடித்தது ஓப்பன்பார்லிமென்ட் தளம். உங்கள் எம்.பி. பேசும்போதெல்லாம் மின்னஞ்சல் வரும்படி செய்யலாம்.

பழைய பதிவுகளைப் பார்க்கும்போது தொகுதிப் பெயர் மாறியிருக்கும் என்பதை மனதில் வையுங்கள். 2011இல் ராதிகா சிற்சபைஈசன் கனடிய நாடாளுமன்றத்தின் முதல் தமிழ் உறுப்பினராக வென்றது ஸ்காபரோ-ரூஜ் ரிவர் தொகுதியில். 2015 தேர்தலோடு அந்தத் தொகுதியே இல்லை.

பின்சேர்க்கை 1: போஸ்டல் கோடை அடித்தால் இரண்டு தொகுதி வருகிறது என்று ஒரு வாசகர் எழுதியிருந்தார். எல்லையோரத்தில் அப்படி வரும். முழு முகவரியையும், வீதி இலக்கத்தோடு, கொடுங்கள்.

பின்சேர்க்கை 2: "எனக்குக் குடியுரிமை இல்லை, போகலாமா?" என்று மூன்று பேர் கேட்டுவிட்டார்கள். போகலாம். வாக்குப் போடத்தான் குடியுரிமை வேண்டும். நிரந்தர வதிவிடக்காரருக்கும் அந்தத் தொகுதி எம்.பி.தான் எம்.பி.

பின்சேர்க்கை 3: மக்களவையின் இணைய மனுவில் கையெழுத்திட்ட ஒரு மாமியின் பெயர் கணக்கில் வரவில்லை. கையெழுத்திட்டதும் ஒரு மின்னஞ்சல் வரும், அதிலுள்ள இணைப்பை அழுத்தி உறுதிப்படுத்தினால்தான் எண்ணுவார்கள். மாமிக்கு வந்தது ஸ்பாம் பெட்டிக்குள் கிடந்தது. 500 கையெழுத்து இல்லாவிட்டால் இணைய மனு சபைக்கே போகாது, ஆகையால் இன்றே அந்தப் பெட்டியைத் திறந்து பாருங்கள்.