இயக்குநர் ஊதியம்: நிறுவனச் செயலர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

புதிதாகப் பொறுப்பேற்கும் நிறுவனச் செயலர்கள் இயக்குநர் ஊதியம் குறித்துத் தயாரிக்கும் வரைவுத் தீர்மானங்கள் ஆண்டுதோறும் என் மேசைக்கு வருகின்றன. எங்கள் தலைமுறையினர் சறுக்கிய அதே இடங்களில் அவர்களும் சறுக்குவதைக் காண்கிறேன். தேதிப் பிழை, விடுபட்ட கையொப்பம் போன்றவற்றை யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. பணத்தையும் நற்பெயரையும் ஒருசேர இழக்கச் செய்யும் தவறுகளை மட்டும் இங்கே எழுதுகிறேன்.

எந்த லாபத்தில் கமிஷன்?

கம்பெனிகள் சட்டம், 2013இன் 197ஆம் பிரிவு, பொது நிறுவனம் (பப்ளிக் லிமிடெட் கம்பெனி) ஒன்று தன் இயக்குநர்களுக்கும் மேலாளருக்கும் ஓராண்டில் தரும் மொத்த ஊதியத்துக்கு நிகர லாபத்தில் 11 சதவீதம் என்று வரம்பு கட்டுகிறது. நிர்வாக இயக்குநர் ஒருவரே இருந்தால் அவருக்கு 5 சதவீதம். பொதுக்கூட்டத்தின் ஒப்புதல் இன்றி இவற்றைத் தாண்ட முடியாது. இந்த எண்கள் எல்லோருக்கும் மனப்பாடம். ஆனால், இங்கே நிகர லாபம் என்பது லாப நட்டக் கணக்கின் கடைசி வரியில் உள்ள தொகை அன்று. 198ஆம் பிரிவின்படி தனியே கணக்கிட வேண்டிய தொகை.

கோவையில் உதிரிபாகங்கள் தயாரிக்கும் பொது நிறுவனம் ஒன்று, பயன்படாமல் கிடந்த ஆலை நிலத்தை விற்றது. அந்த ஆண்டின் லாபம் பெருகியது. செயலர் நிர்வாக இயக்குநரின் கமிஷனாக அந்தப் பெருகிய லாபத்திலேயே 5 சதவீதம் போட்டார், இயக்குநர் குழுவும் கேள்வி கேட்காமல் ஒப்புதல் அளித்தது. நிலம் வாங்கி விற்பதையே தொழிலாகக் கொள்ளாத நிறுவனம், நிலம் விற்ற லாபத்தை இந்தக் கணக்கில் சேர்க்கக் கூடாது. சொத்து மறுமதிப்பீட்டால் வரும் ஏட்டளவிலான ஆதாயத்துக்கும் இடமில்லை. முந்தைய ஆண்டுகளின் நட்டத்தைக் கழிக்க வேண்டும். வருமான வரியையோ கழிக்கக் கூடாது.

தணிக்கையாளர் இதைச் சுட்டிக்காட்டியபோது, நிர்வாக இயக்குநர் அத்தொகைக்கு வரியும் செலுத்திவிட்டிருந்தார். கூடுதலாகப் பெற்றதை இரண்டு ஆண்டுகளுக்குள், அல்லது நிறுவனம் குறிக்கும் குறைந்த காலத்துக்குள், திருப்பித் தர வேண்டும். அதுவரை அது நிறுவனத்துக்காக அவர் பொறுப்பில் வைத்திருக்கும் பணம். குழு நினைத்தால் தள்ளுபடி செய்துவிட முடியாது, பங்குதாரர்களின் சிறப்புத் தீர்மானம் வேண்டும். வங்கிக் கடன் தவணை தவறியிருந்தால் வங்கியின் முன் அனுமதியும் வேண்டும். இத்தனைக்கும் 198ஆம் பிரிவுக் கணக்கு ஒரே ஒரு தாளில் அடங்கிவிடும். அந்தத் தாள் இல்லாத ஊதியத் தீர்மானத்தைக் காணும்போது எனக்கு இன்றும் கோபம் வருகிறது. தணிக்கையாளர் சரிபார்த்த அந்தத் தாளை இணைக்காமல் கோப்பைக் குழுவின் முன் வைக்காதீர்கள்.

அமர்வுக் கட்டணம்

கூட்டத்தில் கலந்துகொள்ளும் இயக்குநருக்குத் தரும் இக்கட்டணம், ஒரு கூட்டத்துக்கு ஒருவருக்கு 1 லட்சம் ரூபாய்க்கு மேல் போகக் கூடாது. சுயேச்சை இயக்குநர்களுக்கும் (நிறுவனத்துடனோ அதன் உரிமையாளர்களுடனோ வேறு பணத் தொடர்பு இல்லாத வெளி இயக்குநர்கள்) பெண் இயக்குநர்களுக்கும் மற்றவர்களைவிடக் குறைத்துத் தரக் கூடாது.

சுயேச்சை இயக்குநருக்குப் பங்கு விருப்புரிமை

முன்கூட்டியே குறித்த விலையில் நிறுவனப் பங்குகளை வாங்கிக்கொள்ளும் உரிமை இது. கூடவே கூடாது.

ஊதியக் குழுவில் யார்?

நியமன, ஊதியக் குழுவில் நிர்வாகப் பொறுப்பில் இல்லாத இயக்குநர்கள் மூவராவது இருக்க வேண்டும். சட்டப்படி பாதிப் பேரும், பங்குச் சந்தையில் பட்டியலிட்ட நிறுவனமாயின் பங்குச் சந்தைகளைக் கண்காணிக்கும் அமைப்பான செபியின் விதிப்படி மூன்றில் இரு பங்கினரும் சுயேச்சை இயக்குநர்களாக இருக்க வேண்டும். நிறுவனத்தின் தலைவர் உறுப்பினராகலாம். அக்குழுவுக்குத் தலைமை ஏற்கக் கூடாது.

ஓய்வு பெற்றவரை ஆலோசகராக்குவது

இரண்டு ஐந்தாண்டுப் பதவிக்காலங்களை முடித்த சுயேச்சை இயக்குநரை, அனுபவம் வீணாகக் கூடாது என்று மறு மாதமே ஆலோசகராக அமர்த்துகிறார்கள். நோக்கம் நல்லதாயினும், அடுத்த மூன்று ஆண்டுகளுக்கு அவர் நேரடியாகவோ மறைமுகமாகவோ எந்தப் பொறுப்பிலும் அந்த நிறுவனத்துடன் தொடர்பு கொள்ளக் கூடாது என்று 149ஆம் பிரிவு தடுக்கிறது.