மராத்தி நூலக வரலாற்றைத் தேதி பிசகாமல் எழுத

மகாராஷ்டிரத்தில் தாணே நகரின் மராத்தி கிரந்த சங்கிரகாலயம் என்ற நூலகம் 1893-இல் தொடங்கியது. இவ்வளவு பழைய நூலகமென்றால் முதலில், புத்தகங்கள் வந்து சேர்ந்ததைக் குறிக்கும் சேர்க்கைப் பதிவேட்டைக் கேளுங்கள். விழா மலர் பிறகு. மலரில் புகழ்ச்சிதான் அதிகம்.

பதிவேட்டிலோ புத்தகத்திலோ சக ஆண்டு (மராத்தி நாட்காட்டியின் ஆண்டுக் கணக்கு) இருந்தால் 78 கூட்டுங்கள்: சக 1815 என்றால் 1893. ஜனவரி முதல் குடிப் பாடவா (மார்ச்-ஏப்ரலில் வரும் மராத்திப் புத்தாண்டு) வரையிலான தேதிக்கு மட்டும் 79. பலர் சறுக்குவது இங்கேதான், ஓராண்டு முந்திவிடும். மாதம் தெரியாவிட்டால் ‘1893-94’ என்றே எழுதுங்கள். இன்றைய மராத்தி எழுத்தான தேவநாகரியில் ஒன்று (१), ஒன்பது (९) ஆகிய எண்கள் மங்கிய மையில் ஒன்றுபோலத் தெரியும். முன்பின் பதிவுகளோடு ஒப்பிடுங்கள்.

பழைய கையெழுத்து மோடி எழுத்தில், அதாவது மராத்தியை முன்பு எழுதிவந்த வேறொரு எழுத்துமுறையில், இருக்கலாம். தேவநாகரி மட்டும் தெரிந்தவர் ஊகிக்க வேண்டாம், மோடி வாசிப்பவரிடம் கொடுங்கள். அரசு மானியம் பற்றிய பகுதிக்கு 1967-ஆம் ஆண்டின் மகாராஷ்டிரப் பொது நூலகச் சட்டத்தையும் பாருங்கள்.