கறுப்பு பாலிதீன் இரண்டு மீட்டர் வாங்கி வையுங்கள்

சாமியைக் கேலி செய்த சர்ச்சை எதையாவது வாசகர் வட்டத்தில் பேச நினைப்பவர்களுக்கு, வேலூர் சத்துவாச்சாரியில் ஒருமுறை சூடுபட்டவன் சொல்கிறேன். அன்று நான் பிரேசில் புகைப்படம் ஒன்றைச் செல்போனில் கைக்குக் கை மாற்றிக் காட்டினேன். ஜெபமாலை வைத்திருந்த அக்கா ஒரு வார்த்தை பேசாமல் எழுந்து போய்விட்டார்.

படத்தைக் காட்டாதீர்கள். கதையில் தொடங்குங்கள். 1989, பிரேசிலின் ரியோ டி ஜெனிரோ நகரில் கார்னிவல் திருவிழா. பெய்ஜா ஃப்ளோர் என்ற சம்பா நடனப் பள்ளியின் ஊர்வலத்தை வடிவமைத்தவர் ஜோவாசிஞ்யோ டிரிண்டா. (பள்ளி என்றதும் பள்ளிக்கூடமா என்பார்கள். பேட்டைக்காரர்கள் சேர்ந்து உடை தைத்து, வண்டி கட்டி, ஆடும் சங்கம் அது.) அந்நகரின் மலைமேல் கை விரித்து நிற்கும் கிறிஸ்து சிலையைப் போல ஒன்றைச் செய்து, கிறிஸ்துவை அவர் பிச்சைக்காரராக்கினார். பேராயர் தரப்பு நீதிமன்றத்தில் தடை வாங்கியது.

இந்த இடத்தில் நிறுத்துங்கள். லாங் பஜாரில் வாங்கிய பாலிதீனை ஒரு பொம்மைமேல் போர்த்தி, சணலால் கட்டுங்கள். கடைப் பொம்மை போதும், சுரூபத்தைத் தொடவே வேண்டாம். டிரிண்டாவின் ஆட்கள் செய்ததும் இதுதான்: சிலையைக் கறுப்பு பிளாஸ்டிக்கில் மூடியே ஊர்வலத்தில் கொண்டுவந்தார்கள். எங்கள் கூட்டத்தில் பூக்கட்டும் பெரியவர் ஒருவர், “அலங்காரத்துக்குத் திரை போட்டதுபோல் இருக்கிறது” என்றார். திரை விழுந்தால்தானே கழுத்து அதிகம் நீளும்!

பிறகு அந்த ஊர்வலச் சிலையில் தொங்கிய வாசகத்தை மெதுவாகப் படியுங்கள்: “தடை செய்யப்பட்டாலும் எங்களைப் பார்த்தருளும்.” மாதா பிரார்த்தனையில் வரும் ‘எங்களுக்காக வேண்டிக்கொள்ளும்’ என்பதன் சாயல் கிறிஸ்தவர்கள் காதில் உடனே விழும்.

2019 விவகாரத்தைக் கடைசிக்கு வையுங்கள். இயேசுவை ஓரினச் சேர்க்கையாளராகச் சித்திரித்து பிரேசிலின் போர்ட்டா டோஸ் ஃபுண்டோஸ் குழு எடுத்த நெட்ஃபிளிக்ஸ் நகைச்சுவை அது. கிறிஸ்துமஸுக்கு முந்தைய நாள் அவர்கள் அலுவலகத்தில் பெட்ரோல் குண்டு விழுந்தது. 2020 ஜனவரியில் ரியோ நீதிபதி ஒருவர் அதை நீக்கச் சொன்னார். மறுநாளே உச்ச நீதிமன்றத் தலைவர் அந்த உத்தரவை நிறுத்தினார். எனக்கு அந்த நகைச்சுவை பிடிக்கவில்லை, குண்டு வீச்சும் பிடிக்கவில்லை. இரண்டையும் ஒரே மூச்சில் சொல்லிவிடுங்கள். ஒன்றை மட்டும் சொன்னால் அறை இரண்டாகும்.

“நம் ஊரில் இதெல்லாம் நடக்குமா?” என்று ஒருவர் நிச்சயம் கேட்பார். துரோபதை அம்மன் கோயில் கூத்தை நினைவூட்டுங்கள். கூத்தின் கோமாளியான கட்டியக்காரன் தருமரையும் கேலி செய்யாமல் விடுவதில்லை. விடிந்தால் அவனே படுகளத்தில் கற்பூரத்துக்குக் கைகூப்பி நிற்பான்.

சணலில் சுருக்கு முடிச்சே போடுங்கள். இரண்டாவது கூட்டத்தில் அதை அவிழ்த்தவர், அன்று எழுந்துபோன அக்காதான்.